பிரவுன்ஷ்வைக்: செங்கல் தூளில் ஏழு நாள்

முதல் நாள், ஞாயிறு

பெர்லினிலிருந்து ஐசிஇ ரயிலில் சுமார் ஒன்றரை மணி நேரம். ஹனோவரிலிருந்து வந்தால் முக்கால் மணி நேரம்கூட ஆகாது. பிரவுன்ஷ்வைக் ரயில் நிலையத்துக்கும் நகர மையத்துக்கும் நடுவே, ஓக்கர் ஆற்றை ஒட்டி, பியூர்கர்பார்க் என்று ஒரு பெரிய பூங்கா இருக்கிறது. அதற்குள்தான் பிரவுன்ஷ்வைக் டென்னிஸ், ஹாக்கி கிளப்பின் கோர்ட்டுகள். நடந்தே போகலாம். ஜெர்மனியில் ஞாயிறன்று கடைகள் மூடியிருக்கும். ரயில் நிலையக் கடைகளை விட்டால் வேறு வழி இல்லை. மழைக்கோட்டு, தொப்பி, வெயில் களிம்பு எல்லாவற்றையும் சனிக்கிழமையே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். குடை வேண்டாம். பின்வரிசைக்காரருக்கு ஆட்டம் மறையும்.

இங்கே நடப்பது ஏடிபி சேலஞ்சர். ஆண்கள் டென்னிஸில் முதல் தட்டுக்கு அடுத்த தட்டு. 1994இல் தொடங்கிய இந்தப் போட்டிக்கு முன்பு ஸ்பார்காஸென் ஓப்பன் என்று பெயர், இப்போது பிராவோ ஓப்பன். சேலஞ்சர் போட்டிகளை 50, 75, 100, 125, 175 என்று பிரித்திருக்கிறார்கள். அந்த எண்தான் கோப்பையை வெல்பவருக்குக் கிடைக்கும் தரவரிசைப் புள்ளி. பிரவுன்ஷ்வைக் 125 வகை. வென்றால் 125, இறுதியில் தோற்றால் 64, அரையிறுதி 35, காலிறுதி 16, இரண்டாம் சுற்று 8. பிரதான சுற்றின் முதல் ஆட்டத்தில் தோற்றவருக்கு எதுவும் இல்லை. 125க்கும் 64க்கும் நடுவில் இருக்கும் பள்ளத்தைப் பாருங்கள். சனிக்கிழமை ஒரே ஆட்டம் அந்தப் பள்ளத்தை நிரப்பும், அல்லது அப்படியே விட்டுவிடும்.

இன்று தகுதிச்சுற்று. 24 பேர், 12 ஆட்டங்கள். ஜெயித்த 12 பேர் நாளை மீண்டும் ஆடி, 6 பேர் பிரதான சுற்றுக்குள் நுழைவார்கள். சேலஞ்சரை முதல்முறை பார்க்க வருபவர்கள் இந்த நாளைத் தவிர்த்துவிட்டு வியாழனுக்கு மேல் வருகிறார்கள். அது பெரிய தவறு. கூட்டம் குறைவு, வேலிக்கு ஓரடி தள்ளி நிற்கலாம், பந்து மட்டையில் படும் சத்தத்திலேயே அடியின் கனம் தெரியும். அதைவிட முக்கியம், கோர்ட்டைப் படிக்கக் கற்றுக்கொள்ள இதைவிடத் தோதான நாள் கிடையாது.

நம் பத்திரிகைகள் இதைக் களிமண் தரை என்று எழுதும். உண்மையில் இது சுட்ட செங்கலை நொறுக்கி அரைத்த தூள். பிரெஞ்சு ஓப்பன் நடக்கும் ரோலண் கரோஸில் மேலே இருக்கும் சிவப்பு வெறும் 1 முதல் 2 மில்லிமீட்டர்தான். அதற்குக் கீழே 6–7 செ.மீ. நொறுக்கிய வெள்ளைச் சுண்ணாம்புக்கல், அதற்கும் கீழே நிலக்கரிக் கசடு, அடியில் சரளை. ஜெர்மன் கிளப்புகளில் செங்கல் தூள் அடுக்கு இன்னும் தடிமன், சில செ.மீ. வரை இருக்கும், கீழே தண்ணீர் இறங்க வழிவிடும் அடுக்குகள். எந்த ஊரானாலும் அடிப்படை ஒன்றுதான்: தூளைப் பிடித்து வைத்திருப்பது ஈரம். ஈரம் போனால் அந்தக் கோர்ட் வேறு கோர்ட். இந்த வாரம் முழுக்கப் பார்க்க வேண்டியது அந்த ஈரத்தைத்தான். ஆட்டக்காரரை எல்லோரும் பார்ப்பார்கள்.

இரண்டாம் நாள், திங்கள்

பிரதான சுற்று 32 பேர். தரவரிசைப்படி நேரடியாக வந்தவர்கள், தகுதிச்சுற்றிலிருந்து 6 பேர், தரவரிசை பார்க்காமல் அமைப்பாளர்கள் தரும் இடமான வைல்டு கார்டு. வைல்டு கார்டை உள்ளூர்ப் பையன்களுக்குச் செய்யும் உபகாரம் என்று நினைப்பவர்கள் 2014ஐ நினைத்துப் பார்க்கலாம். தரவரிசையில் 600க்கும் கீழே இருந்த 17 வயது அலெக்ஸாண்டர் ஸ்வெரேவ் இங்கேதான் கோப்பையைத் தூக்கினார், இறுதியில் பால்-ஆன்ரி மத்தியூவை வென்று. அதே மாதம் ஹாம்பர்க்கில் அரையிறுதி வரை போனார். 2017இல் நிகோலா குன் வென்றபோதும் வயது 17தான்.

தகுதிச்சுற்றின் கடைசி ஆட்டத்தில் தோற்றவர்களும் ஊரைவிட்டுப் போகமாட்டார்கள். யாராவது காயத்தில் விலகினால் லக்கி லூசராக உள்ளே வரலாம். அதற்கு அன்றைய முதல் ஆட்டம் தொடங்க அரை மணி நேரம் முன்பே நேரில் வந்து கையெழுத்திட வேண்டும். தூங்கிப்போனால் வாய்ப்பு அடுத்தவருக்கு.

இந்தப் போட்டிக்கு ஒரு சிக்கல் உண்டு. இது நடப்பது விம்பிள்டன் காலத்தில். இங்கே வருபவர்களில் பலர் சில நாள் முன்புவரை புல்தரையில் ஆடியவர்கள். புல்லில் சறுக்கினால் விழுவோம் என்று காலுக்குப் பழகியிருக்கும். சின்னச் சின்ன அடி வைத்து, பந்துக்குப் பக்கத்தில் போய் நின்று அடிப்பார்கள். செங்கல் தூளில் அப்படி நின்றால் தாமதம். இங்கே சறுக்கல் பந்தை அடிப்பதற்கு முன்பே தொடங்க வேண்டும். சறுக்கல் முடியும் தருணத்தில் மட்டை பந்தில் பட வேண்டும். அடித்துவிட்டுச் சறுக்கினால் உடல் கோர்ட்டுக்கு வெளியே போய்விடும், திரும்பி வர இரண்டு அடி கூடுதல்.

திங்கள், செவ்வாயில் இதை வெறும் கண்ணால் பார்க்கலாம். தரையில் விழுந்திருக்கும் சறுக்கல் கோட்டைக் கவனியுங்கள். பழகியவரின் கோடு நீளமாக, நேராக, ஒரே ஆழத்தில் இருக்கும். இன்னும் புல்லிலிருந்து இறங்காதவரின் கோடு குட்டையாக, முடிவில் குழி விழுந்து இருக்கும்: சறுக்க ஆரம்பித்து, பயந்து, குதிகாலை ஊன்றிவிட்டார் என்று அர்த்தம். கணுக்கால் பிரளுவது பெரும்பாலும் அந்தக் குழியில்தான்.

காலணியின் அடிப்பகுதி முழுக்க மீன்முள் போன்ற வரிகள் இருக்க வேண்டும். வரிகளுக்கு நடுவே ஈரத்தூள் அடைத்துக்கொண்டால் பிடிமானம் போகும். ஆட்டக்காரர் சர்வுக்கு முன் மட்டையால் காலணியைத் தட்டுவது அதற்குத்தான், பதற்றத்தால் அல்ல. சிமெண்ட் கோர்ட்டுக் காலணியோடு இதில் இறங்கினால் இரண்டு பக்கமும் நஷ்டம்: அடைப்பு சீக்கிரம் ஏறும், கோர்ட்டிலும் பள்ளம் பறிக்கும்.

பார்வையாளர்களுக்கு ஒரு குறிப்பு. டென்னிஸ் கோர்ட்டுகளைப் பொதுவாக வடக்கு–தெற்காகத்தான் அமைப்பார்கள். பிற்பகலில் மேற்குப் பக்க இருக்கையில் உட்கார்ந்தால் வெயில் முதுகில் படும். சுழற்சியைப் பார்க்க, கோர்ட்டின் பின்கோடான பேஸ்லைனுக்குப் பின்னால், கொஞ்சம் உயரத்தில் உட்காருங்கள். பந்து எவ்வளவு எழும்புகிறது, கால் எப்படிச் சறுக்குகிறது என்று பார்க்கப் பக்கவாட்டில், தரை மட்டத்தில்.

மூன்றாம் நாள், செவ்வாய்

மழை.

தூறலுக்கு ஆட்டத்தை நிறுத்தமாட்டார்கள். இந்தத் தரையின் சௌகரியம் அது. சிமெண்டில் நாலு துளி விழுந்தாலே நிறுத்தியாக வேண்டும். இங்கே முதலில் வழுக்குவது கோடு. கோடுகள் பெரும்பாலும் 5 செ.மீ. அகலப் பிளாஸ்டிக் பட்டைகள், ஆணி அடித்துப் பதித்தவை. பேஸ்லைன் மட்டும் 10 செ.மீ. வரை அகலமாக இருக்கலாம். தூள் தண்ணீரைக் குடிக்கும், பிளாஸ்டிக் குடிக்காது. நடுவர் இறங்கி வந்து காலால் கோட்டைத் தேய்த்துப் பார்த்தால் ஆட்டம் நிற்கப்போகிறது என்று புரிந்துகொள்ளலாம்.

அதற்கு முன்பே பந்து மாறியிருக்கும். விதிப்படி ஒரு டென்னிஸ் பந்தின் எடை 56 முதல் 59.4 கிராம். ஈரத்தில் கம்பளி ஊறி, தூளையும் அப்பிக்கொண்டு, பந்து கனத்துப் பருத்துவிடும். புதுப் பந்துகள் முதலில் 7 கேம் கழித்து, பிறகு 9 கேமுக்கு ஒருமுறைதான் வரும். முதல் தடவை பயிற்சி அடியையும் சேர்த்துக் கணக்கிடுவதால் இரண்டு கேம் குறைவு. ஆக மழைத்தூறலில் ஆறாவது, ஏழாவது கேமில் அடிப்பது ஏறக்குறைய வேறொரு பொருளை. நேராக, தட்டையாக அடிப்பவருக்குப் பந்து வலையைத் தாண்டாது. மேல்சுழற்சி கொடுப்பவருக்கும் நஷ்டம்: வறண்ட தரையில் தோளுக்கு மேல் எழும் பந்து இப்போது இடுப்போடு நின்றுவிடும். லாபம் யாருக்கு என்றால், கால் பலமும் பொறுமையும் உள்ளவருக்கு, வலையை ஒட்டி மெல்ல இறக்கும் டிராப் ஷாட் கைவந்தவருக்கு.

கனமழை வந்ததும் ஆட்கள் ஓடிவருவார்கள். மூடுவதற்குத் தார்ப்பாய் இருக்கிறதா, எந்தக் கோர்ட்டுக்கு இருக்கிறது என்று முதல் நாளே பார்த்துவைத்துக்கொள்வது நல்லது. அன்றைய உங்கள் நாள் அதைப் பொறுத்தது. தார்ப்பாய் சீக்கிரம் போட்டால்தான் பயன். தரை ஊறிய பிறகு போட்டால் ஈரம் வெளியே போக வழியில்லாமல் உள்ளேயே தங்கும், திறந்து கிடந்த கோர்ட் அதற்கு முன்பே காய்ந்துவிடும்.

மழை நின்ற பிறகுதான் வித்தை. பக்குவம் தெரியாதவர்கள் உடனே துடைப்பத்தை எடுத்துத் தேங்கிய தண்ணீரைத் தள்ளிவிடப் பார்ப்பார்கள். தண்ணீரோடு செங்கல் தூளும் போய்விடும். அந்த இடம் காய்ந்ததும் பள்ளமாக நிற்கும், அடுத்த மழையில் அங்கேயே மீண்டும் தேங்கும். தெரிந்தவர்கள் முதலில் காத்திருப்பார்கள். தண்ணீர் தானாகக் கீழே இறங்க வேண்டும். இறங்காமல் நிற்கும் திட்டுகளைப் பஞ்சு உருளையால் ஒற்றி எடுப்பார்கள். அந்த நேரத்தில் கோர்ட்டுக்குள் யாரும் கால் வைக்கக் கூடாது. ஊறிய தரையில் பதிந்த காலடி, காய்ந்தபின் பந்தைத் திசைமாற்றும்.

பிறகு தரை கையில் ஒட்டாத பதத்துக்கு வந்ததா என்று தொட்டுப் பார்ப்பார்கள். ஒட்டினால் இன்னும் நேரம் ஆகவில்லை. ஒட்டாமல், ஆனால் இருண்ட சிவப்பாக இருந்தால் தரையைச் சமப்படுத்தும் இழுவலை போடலாம். வெளி ஓரத்தில் தொடங்கி வட்டம் வட்டமாக உள்நோக்கி இழுக்க வேண்டும். உள்ளிருந்து வெளியே இழுத்தால் தூள் எல்லாம் வேலியோரம் சேர்ந்துவிடும். வளைவில் நிறுத்தினால் அங்கே மேடு. அதன்பின் தேவைப்பட்டால் சிறு உருளை, கடைசியாகக் கோடுகளைத் துடைக்கும் குறும்துடைப்பம். அடித்தளம் நன்றாக இருந்தால், நல்ல மழைக்குப் பிறகும் ஒரு மணி நேரத்துக்குள் ஆட்டம் தொடங்கிவிடும்.

தாமதமானாலும் வீணாகாது. ஜூலைத் தொடக்கத்தில் இங்கே சூரியன் மறைய இரவு ஒன்பதரைக்கு மேல் ஆகும். ஏழு மணிக்குத் தொடங்கிய ஆட்டத்தையும் இயற்கை வெளிச்சத்தில் முடித்துவிடலாம். ஆனால் மாலைக் குளிரில் தரை மந்தமாகும். பிற்பகல் இரண்டு மணிக்கு ஆடியவரும் இரவு எட்டு மணிக்கு ஆடியவரும் ஒரே கோர்ட்டில் ஆடினார்கள் என்று சொல்வது பெயரளவுக்குத்தான்.

நான்காம் நாள், புதன்

ஆட்ட அட்டவணை முந்தைய நாள் மாலையே வெளியாகும். ‘முதல் ஆட்டம் 11 மணி’ என்றால் அந்த நேரம் உறுதி. அதற்கு அடுத்தவை முந்தையது முடிந்த பிறகுதான். ‘2 மணிக்கு முன் இல்லை’ என்று போட்டிருந்தால், அதற்கு மேல் எவ்வளவு தள்ளினாலும் கேட்க முடியாது. நேற்று நின்றுபோன ஆட்டங்கள் இன்று முதலில் வரும். மைதானத்துக்கு வர முடியாதவர்கள் ஏடிபி தளத்தில் சேலஞ்சர் ஆட்டங்களை இலவசமாக நேரலையில் பார்க்கலாம்.

இன்று வெயில், கூடவே காற்று. நேற்றைக்கு நேர்மாறான சிக்கல். காற்று மேல்தூளை அள்ளிப் போய்விடும். பேஸ்லைன் நடுவில் அடித்தளம் வெளிறித் தெரிந்தால் அங்கே தரை கெட்டியாகிவிட்டது என்று பொருள். கெட்டித் தரையில் உதிரித் தூள் கிடந்தால் கோலிக்குண்டின் மேல் நடப்பது போலத்தான். ஆட்டத்துக்கு முன் ஆழமாக நனையத் தண்ணீர் விடுவார்கள். ஒரு செட் முடிந்து அடுத்தது தொடங்கும் முன் லேசாக, வாசல் தெளிக்கிற மாதிரி. இந்த லேசான தெளிப்பு மேலே உள்ள தூளை மட்டும் அடக்கும், உள்ளே போகாது. காலையில் உள்ளே இறங்கும்படி விட்டிருந்தால்தான் நான்கு மணி வெயிலைத் தரை தாங்கும். சில இடங்களில் கால்சியம் குளோரைடு தூவுவதும் உண்டு. காற்றின் ஈரத்தை உறிஞ்சித் தரைக்குள் பிடித்துவைக்கும்.

நரம்பு கட்டுபவரின் மேசைப் பக்கம் போனால் வானிலை அறிக்கை தேவையில்லை. நேற்று இழுவிசையை ஒரு கிலோ குறைத்துக் கேட்டவர்கள் இன்று பழைய அளவுக்குத் திரும்பியிருப்பார்கள், சிலர் அதற்கும் மேலே. ஈரத்தில் பந்து பறக்காது, ஆகவே தளர்த்தி உந்துதலைக் கூட்ட வேண்டும். வெயிலில் பந்து பறக்கும், இறுக்கி அடக்க வேண்டும். ஆட்டத்துக்கு நடுவில் மட்டை மாற்றுகிறவர் எல்லோரும் நரம்பு அறுந்து மாற்றுவதில்லை. பையில் இருக்கும் ஒவ்வொரு மட்டையும் ஒவ்வோர் இழுவிசையில் கட்டியிருக்கலாம்.

இந்தத் தரையில் நரம்புக்கு இன்னொரு எதிரி தூள். குறுக்கு நரம்பும் நெடுக்கு நரம்பும் சந்திக்கும் இடத்தில் போய் உட்கார்ந்து உப்புத்தாள் போல் அராவும். முதலில் சின்ன வெட்டு விழும். அந்த வெட்டில் நரம்பு மாட்டிக்கொண்டால் அடித்ததும் தன் இடத்துக்குத் துள்ளித் திரும்பாது, சுழற்சி குறையும். அறுவது பிறகுதான். பாலியஸ்டர் நரம்பு அறாவிட்டாலும் சில மணி நேரத்தில் இழுவிசையை இழந்துவிடும். அதனால்தான் கிழியாத நரம்பையும் வெட்டி எறிந்துவிட்டு ஒவ்வோர் ஆட்டத்துக்கும் புதிதாகக் கட்டுகிறார்கள்.

ஐந்தாம் நாள், வியாழன்

ஒற்றையரில் எட்டுப் பேர் மிஞ்சும் கட்டம். இரட்டையரைப் பார்க்கவும் நேரம் ஒதுக்குங்கள். 16 ஜோடிகள், 40–40 வந்தால் அட்வான்டேஜ் கிடையாது, அடுத்த ஒரு புள்ளியே கேமை முடிக்கும், செட் 1–1 என்றால் மூன்றாவது செட்டுக்குப் பதில் 10 புள்ளி டை-பிரேக். ஒற்றையர் முடிந்து இரட்டையர் தொடங்கும் இடைவெளியில் வலையின் இரு பக்கமும் முட்டுக்கொடுத்து நிற்கும் குச்சிகளை எடுப்பதைக் கவனிக்கலாம். ஒற்றையர் கோட்டுக்கு 91.4 செ.மீ. வெளியே நின்று வலையை 1.07 மீட்டருக்கு உயர்த்துபவை அவை. எடுத்தால் ஒற்றையர் கோட்டுக்கு மேலே வலை தாழும். மறந்துவிட்டால் ஓரமாகக் கோட்டோடு அடிக்கும் ஒவ்வொரு பந்துக்கும் உயரம் தவறு.

மின்னணுக் கோட்டுக் கருவி இல்லாத கோர்ட்டில் தடம்தான் சாட்சி. ஆட்டக்காரர் உடனே நின்று கேட்க வேண்டும்; திருப்பி அடித்துத் தொடர்ந்தால் உரிமை போய்விடும். நடுவர் இறங்கி வந்து, முதலில் சரியான தடம் எது என்று தேடுவார். தடத்துக்கும் கோட்டுக்கும் நடுவே செந்தூள் தெரிந்தால் வெளியே. தடம் முழு வட்டமாக இல்லாமல் கோட்டருகே வெட்டுண்டு நின்றால், மிச்சப் பகுதி பிளாஸ்டிக்கின் மேல் விழுந்திருக்கிறது: உள்ளே. தடம் படிக்க முடியவில்லை என்றால் முதலில் சொன்ன தீர்ப்பே நிற்கும். எதிராளியின் பக்கம் வலையைத் தாண்டிப் போய்ப் பார்த்தால் எச்சரிக்கை வரும். சண்டை பெரும்பாலும் ‘உள்ளேயா வெளியேயா’ என்பதில் வருவதில்லை, ‘இந்தத் தடமா அந்தத் தடமா’ என்பதில்தான் வருகிறது. ஒரு செட் முடிந்ததும் இழுவலை போட்டுத் தடங்களை அழிப்பதில் இந்த லாபமும் சேர்ந்திருக்கிறது.

ஆறாம் நாள், வெள்ளி

இனி எல்லாம் மைய கோர்ட்டில். பக்க கோர்ட்டில் ஆடி வந்தவருக்கு இது புது இடம். காரணம் கூட்டமல்ல, பின்னால் உள்ள வெளி. பேஸ்லைனுக்குப் பின்னால் 6.40 மீட்டர், பக்கவாட்டில் 3.66 மீட்டர் என்பது சர்வதேசக் கூட்டமைப்பு பரிந்துரைக்கும் குறைந்தபட்சம். சர்வை வாங்க நாலு மீட்டர் பின்னால் நிற்பவருக்கு அந்த அளவில் முதுகுக்குப் பின் அதிக இடம் மிஞ்சாது. பெரிய கோர்ட்டில் அவர் இன்னும் இரண்டு அடி பின்னால் போகலாம். அதைப் பார்த்து எதிராளி டிராப் ஷாட்டைக் கூட்டுவார். அரையிறுதியின் முதல் நாலு கேமில் இருவரும் எங்கே நிற்கிறார்கள் என்று மட்டும் குறித்துக்கொண்டால் போதும், ஆட்டத்தின் பாதி கதை கையில்.

காலையில் ஆட்டம் இல்லாத நேரத்தில் ஊரைப் பார்க்கலாம். புர்க்பிளாட்ஸ் சதுக்கத்தில் சிங்கச் சிலையின் நகல். 12ஆம் நூற்றாண்டில் ஹென்றி பிரபு நிறுவிய அசல் இப்போது பக்கத்துக் கோட்டைக்குள் இருக்கிறது. கணிதமேதை கௌஸ் 1777இல் பிறந்த ஊரும் இதுதான்.

ஏழாம் நாள், சனி

இங்கே இறுதி சனிக்கிழமை. ஞாயிறு வரை இருக்கும் என்று நம்பி டிக்கெட் எடுப்பவர்கள் ஏமாறுவார்கள், முன்பே பார்த்துக்கொள்ளுங்கள்.

இந்த ஆட்டத்தின் கனம் நியூயார்க்கில் இருக்கிறது. யுஎஸ் ஓப்பனின் நேரடி நுழைவுப் பட்டியல் போட்டிக்கு ஆறு வாரம் முன்பே, ஜூலை நடுவில், அப்போதைய தரவரிசையை வைத்துத் தயாராகிவிடும். 128 இடங்களில் 16 தகுதிச்சுற்றுக்காரர்களுக்கு, 8 வைல்டு கார்டுக்கு, மீதம் 104. தரவரிசையில் 110இலிருந்து 130க்குள் நிற்பவருக்கு இன்றைய 125 புள்ளி அந்தக் கோட்டைத் தாண்ட உதவும் ஏணி. 64 புள்ளி பெரும்பாலும் தகுதிச்சுற்று வரிசையில்தான் கொண்டுபோய் விடும். நம் சுமித் நாகல் 2023இல் ரோம், தாம்பரே என்று செங்கல் தூள் சேலஞ்சர்களை வென்று மேலே ஏறினார், 2024இல் சென்னை சேலஞ்சரை வென்று முதல் நூறுக்குள் நுழைந்தார், அதே ஆண்டு ஹைல்பிரானிலும் வென்றார்.

ஆட்டம் தொடங்குவதற்கு ஒரு மணி நேரம் முன்பே வந்து உட்காருங்கள். தண்ணீர் விடுவதைப் பார்க்க வேண்டும். குழாய்க்காரர் பேஸ்லைனுக்குப் பின்னால் அதிக நேரம் நின்றால் அங்கே தரை காய்ந்திருக்கிறது. சர்வ் கட்டத்துக்கும் அதே அளவு விட்டால் முதல் செட் மந்தமாகத்தான் போகும், உயரமாக எழும்பும் இரண்டாவது சர்வை நம்பியிருப்பவர் திணறுவார். வெயில் ஏற ஏறத் தரை வெளிறும். இரண்டாவது செட்டின் நடுவில் நிறம் மாறிவிட்டதா என்று பாருங்கள். அதுவரை பந்து இடுப்புக்கு வந்து, இப்போது தோளுக்கு வருகிறதென்றால், ஸ்கோரில் இன்னும் தெரியாத திருப்பம் தரையில் தொடங்கிவிட்டது.

கோப்பை கொடுத்து முடித்ததும் கூட்டம் வெளிவாசலுக்கு நகரும். இறுதியில் ஆடிய இருவருக்கும் அடுத்த ஊர் காத்திருக்கும். இந்தத் தூளின் பயணம் கிஷ்டாட், போஸ்டாட், யூமாக், கிட்ஸ்புஹெல் என்று ஜூலை முழுக்கத் தொடரும். கோர்ட்டில் மிஞ்சுவது இரண்டு பேரும் ஓர் இழுவலையும். ஓரத்திலிருந்து உள்நோக்கி, வட்டம் வட்டமாக, பிறகு கோடுகள், பிறகு குழாய். ஹனோவர் பக்கம் போகும் ரயில்கள் மாலையிலும் அடிக்கடி இருப்பதால், அதை முழுதாகப் பார்த்துவிட்டே கிளம்பலாம்.